சாக்கவ்வா, குலாபி, சர்மிஷ்டை: கன்னட நடிகை உமாஸ்ரீயின் மேடையும் திரையும்

கன்னட நாடக, திரைப்பட நடிகையும் கர்நாடகத்தின் முன்னாள் அமைச்சருமான உமாஸ்ரீ, 1957 மே 10 அன்று தும்கூரு மாவட்டம் திப்டூரு வட்டத்திலுள்ள நொணவினகெரேயில் பிறந்தவர். நெசவாளர் சமூகத்தைச் சேர்ந்தவர். பெங்களூரின் நாடகக் குழுக்களில் நடிக்கத் தொடங்கி, 1980-களில் திரைப்படத்துக்குள் நுழைந்தார். நூற்றுக்கணக்கான படங்களில் பெரும்பாலும் நகைச்சுவைப் பாத்திரங்களையும் துணைப் பாத்திரங்களையும் ஏற்றார். கிரீஷ் காசரவள்ளி இயக்கிய 'குலாபி டாக்கீஸ்' படத்துக்காக, 2007-ஆம் ஆண்டின் சிறந்த நடிகைக்கான தேசிய விருதைப் பெற்றார். 2013 முதல் 2018 வரை சித்தராமையா தலைமையிலான அரசில் மகளிர் மற்றும் குழந்தைகள் நலம், கன்னடம் மற்றும் பண்பாடு ஆகிய துறைகளை வகித்தார்.

ஒரு நடிகையின் வாழ்க்கைக் குறிப்பு இத்தளத்தில் ஏன் இடம்பெற வேண்டும் என்ற கேள்வி வாசகருக்கு எழக்கூடும். நவீன கன்னட மேடையில் வலுவாகப் பதிந்த தலித் பெண் பாத்திரங்களுள் முதன்மையான ஒன்றுக்கு உடலும் குரலும் கொடுத்தவர் இவர். தேவனூரு மகாதேவ எழுதிய 'ஒடலாள' குறுநாவலின் கிழவி சாக்கவ்வாவே அப்பாத்திரம். அந்த மேடையைத் தந்தது தலித் இயக்கம் கிளர்ந்தெழுந்த காலம். அதே பெண்ணுக்கு அதே ஆண்டுகளில் கன்னடத் திரைப்படம் தந்தது வேறொன்று. இவ்விரண்டுக்கும் இடையிலுள்ள தொலைவையே இக்கட்டுரையில் பேச விரும்புகிறோம்.

பூசாவிலிருந்து ஒடலாள வரை

'ஒடலாள' எங்கிருந்து வந்தது என்பதை அறியாமல் சாக்கவ்வாவை அறிய இயலாது. 1973-இல் கர்நாடக அமைச்சராக இருந்த தலித் தலைவர் பி. பசவலிங்கப்பா, கன்னட இலக்கியத்தில் பெரும்பகுதி 'பூசா', அதாவது மாட்டுத் தவிடு, என்று மைசூரில் பேசினார். அதையொட்டி மாநிலமெங்கும் வன்முறை வெடித்தது. தலித் மாணவர்கள் விடுதிகளிலும் கல்லூரிகளிலும் தாக்கப்பட்டனர். பசவலிங்கப்பா பதவியை இழந்தார். அந்தக் கொந்தளிப்பிலிருந்துதான் தலித் சங்கர்ஷ சமிதி உருத்திரண்டது. பி. கிருஷ்ணப்பா, சித்தலிங்கையா, தேவனூரு மகாதேவ ஆகியோர் அதன் முன்னணியில் நின்றனர். சித்தலிங்கையாவின் தன்வரலாற்றைப் பாவண்ணனின் மொழிபெயர்ப்பில் 'ஊரும் சேரியும்' என்று தமிழில் படித்த மாணவர்களுக்கு அந்தக் காலத்தின் வெப்பம் ஓரளவு தெரிந்திருக்கும்.

மைசூரு மாவட்டம் நஞ்சன்கூடு வட்டத்தின் தேவனூரில் 1948-இல் பிறந்தவர் மகாதேவ. பசவலிங்கப்பாவின் சொல்லுக்கு அவர் எதிர்வினை எதுவும் எழுதவில்லை. அச்சொல் சுட்டிய வெற்றிடத்தை இலக்கியத்தால் நிரப்பினார். 1970-களின் இறுதியில் வந்த 'ஒடலாள'வில் புரட்சி முழக்கம் ஏதுமில்லை. தலைப்பை 'உடலின் ஆழம்' என்றும் 'வயிற்றின் ஆழம்' என்றும் பொருள் கொள்ளலாம். கதை எளியது. சேரியில் வாழும் சாக்கவ்வாவின் சேவல் காணாமற் போகிறது. அவள் ஊரெல்லாம் தேடித் திரிகிறாள். இரவில் வீட்டுக்குத் திருட்டு நிலக்கடலை மூட்டையொன்று வந்து சேர்கிறது. மகன்கள், மருமகள்கள், பேரக் குழந்தைகள் என்று குடும்பமே அடுப்பைச் சுற்றி அமர்ந்து உரித்து உரித்துத் தின்கிறது. பேத்தி சுவரில் மயில் வரைகிறாள். பொழுது விடிந்ததும் போலீஸ் வந்து வீட்டைச் சல்லடையாகச் சலிக்கிறது.

திருட்டு என்று சட்டம் சொல்லும் அந்த இரவுதான் இக்கதையின் திருவிழா. அவ்வீட்டில் எல்லோருக்கும் ஒருசேர வயிறு நிறைந்த இரவு அது. படிப்பவர் குற்றத்தை மறந்து கடலையின் மணத்தை நுகர்கிறார். பசியைக் காட்டி இரக்கத்தைப் பெறும் எழுத்து கன்னடத்தில் அதற்கு முன்பும் இருந்தது. பசித்தவர்கள் சிரிப்பதையும் ஒருவரையொருவர் ஏசிக்கொள்வதையும் கதை சொல்லிக்கொள்வதையும் அவர்களது வீட்டுக்குள் அமர்ந்தே எழுதிய எழுத்து அரிது.

இந்தக் குறுநாவலை நாடகமாக இயக்கியவர் பேராசிரியர் சி.ஜி. கிருஷ்ணசாமி. கன்னட நாடக உலகில் அவர் சிஜிகே என்றே அறியப்பட்டவர். 1977 மே மாதம் பீகாரின் பெல்ச்சி கிராமத்தில் 11 பேர் கொன்று எரிக்கப்பட்டனர். அவர்களில் 8 பேர் தலித்துகள். அப்படுகொலையை 'பெல்ச்சி' என்ற தெருநாடகமாக்கிக் கர்நாடகத்தின் தெருக்களுக்குக் கொண்டு சென்றவரும் சிஜிகேதான். 'ஒடலாள'வில் அவர் சாக்கவ்வாவாக நிறுத்தியது உமாஸ்ரீயை.

அப்போது உமாஸ்ரீ இளம்பெண். பாத்திரமோ பேரக் குழந்தைகளைக் கண்ட கிழவி. வயதைக் கூட்டிக் காட்டுவது நாடகக்காரர்களுக்குப் பழகிய வேலைதான். அரிய வேலை மொழியில் இருந்தது. மகாதேவ எழுதியது நஞ்சன்கூடு, சாமராஜநகர் பகுதிச் சேரிகளின் கன்னடத்தை. பாடநூலும் வானொலியும் அறியாத அந்த மொழியில் சொல் பாதியில் நிற்கும். வசவும் கொஞ்சலும் ஒரே மூச்சில் வரும். உமாஸ்ரீ பிறந்த தும்கூருப் பகுதியின் பேச்சு வேறு. அந்த வேற்றுமொழியைப் பார்வையாளர் நகைக்கும் 'கொச்சை'யாக அன்றி ஒரு மனுஷியின் முழு அறிவாகப் பேசிக் காட்டியதே உமாஸ்ரீயின் சாதனை. நாடகம் வந்து பல பத்தாண்டுகள் கடந்தும் கன்னட நாடகம் பற்றிப் பேசுவோர் அவரைச் சாக்கவ்வாவோடு சேர்த்தே நினைவுகூர்கின்றனர்.

யார் யாரை நடிப்பது

இங்கே ஒரு கேள்வியைத் தள்ளிவைக்க இயலாது. சாக்கவ்வாவை நடித்தவர் தலித் பெண் அல்லர்.

இதற்கு முன்னும் கன்னடம் தலித் வாழ்வைக் காட்சிப்படுத்தியிருக்கிறது. சிவராம காரந்தரின் 'சோமன துடி' நாவல் 1933-இல் வந்தது. அதை 1975-இல் பி.வி. காரந்த் திரைப்படமாக்கினார். அது அவ்வாண்டின் சிறந்த படத்துக்கான தேசிய விருதைப் பெற்றது. சோமனாக நடித்த வாசுதேவ ராவ் சிறந்த நடிகரானார். சொந்தமாக நிலம் உழ வேண்டும் என்ற சோமனின் ஆசையைச் சாதி எவ்வாறு நசுக்குகிறது என்பதை அப்படம் நேர்மையாகவே சொல்கிறது. ஆயினும் எழுதியவரும் இயக்கியவரும் பார்ப்பனர்கள். சோமன் துடியை அறைந்தபடி தனியே கருகிச் சாகிறான். பார்வையாளர் கண்ணீரோடு எழுந்து செல்கிறார். சாக்கவ்வா அப்படி யாரையும் அழவைத்து அனுப்பிவிடுவதில்லை. அவள் போலீசையும் ஏசுகிறாள், மகனையும் ஏசுகிறாள், எமனைப் பற்றியும் கதை சொல்கிறாள். பார்ப்பது யார் என்பது மாறும்போது பார்க்கப்படுபவர் எப்படி மாறுகிறார் என்பதற்கு இவ்விரு படைப்புகளையும் அடுத்தடுத்துப் படிப்பதைவிடச் சிறந்த பாடம் இல்லை. கல்லூரி வாசகர் வட்டங்களுக்கு இதை ஒரு பயிற்சியாகவே பரிந்துரைக்கிறோம்.

எழுத்தில் நிகழ்ந்த அம்மாற்றம் நடிகையர் தெரிவில் நிகழவில்லை. எதிர்த்திசையில் என்ன நடந்தது என்பதற்கு அண்டை மாநிலம் சான்று. மலையாளத்தின் முதல் திரைப்படமான 'விகதகுமார'னில் தலித் பெண்ணான பி.கே. ரோசி நாயர் பெண்ணாக நடித்தார். அதற்காகத் திருவனந்தபுரத்தில் விரட்டப்பட்டு, நாகர்கோவில் பக்கம் வந்து, பெயரையும் கடந்த காலத்தையும் மறைத்து வாழ்ந்து மறைந்தார். தலித் பெண் மேல்சாதிப் பெண்ணாக நடித்தால் கல்லெறி. பிற சாதியார் தலித்தாக நடித்தால் விருது. இது ஒரு தனிமனிதரின் பிழையன்று என்பதை நாம் தெளிவாகச் சொல்லிவிடுகிறோம். உமாஸ்ரீ சாக்கவ்வாவைத் திருடவில்லை. மிகுந்த மரியாதையோடு ஏற்றார். அம்மரியாதை அந்த நாற்காலி ஏன் அவருக்கு மட்டும் வாய்த்தது என்ற கேள்விக்கு விடையாகாது.

விடையின் ஒரு பகுதி பொருளாதாரத்தில் இருக்கிறது. பெங்களூரின் நவீன நாடகம் பெரும்பாலும் 'ஹவ்யாசி' நாடகம், அதாவது பிழைப்புக்காக அன்றி ஆர்வத்துக்காக நடத்தப்படுவது. வங்கியிலும் கணக்காயர் அலுவலகத்திலும் பொதுத்துறை ஆலைகளிலும் பகலெல்லாம் வேலை பார்த்தவர்கள் மாலையில் ஒத்திகைக்குக் கூடினர். ரவீந்திர கலாக்ஷேத்ராவில் நாடகம் நடந்தால் கைத்தட்டல் கிடைக்கும், கூலி கிடைக்காது. மாதச் சம்பளமோ குடும்பச் சொத்தோ பின்னால் இல்லாத ஒரு பெண் அங்கே நெடுநாள் நிற்க இயலாது. சேரியிலிருந்து ஒரு பெண் இரவு ஒத்திகை முடித்துக் கடைசிப் பேருந்தில் தனியே திரும்பி, மறுநாள் கூலிக்குச் செல்வதை எண்ணிப் பார்த்தால் போதும். மேடையின் கதவில் சாதியின் பெயர் எழுதப்பட்டிருக்க வேண்டிய தேவையே இல்லை.

உமாஸ்ரீக்கும் அக்கதவு எளிதாகத் திறந்துவிடவில்லை. அவரது தும்கூரு மாவட்டத்தைச் சேர்ந்ததுதான் குப்பி. கர்நாடகத்தின் புகழ்பெற்ற தொழில்முறை நாடகக் குழுவை நடத்திய குப்பி வீரண்ணாவின் ஊர் அது. அவரது பேத்தி பி. ஜெயஸ்ரீ நடிகை, பாடகி, இயக்குநர் என்று அந்த மரபின் வழியே வளர்ந்தவர். நொணவினகெரேயின் நெசவாளர் வீட்டுப் பெண்ணுக்கு அப்படியொரு தாத்தா இல்லை. நாடகம் அவருக்குப் பெயரைத் தந்தது. சோற்றைச் சினிமாதான் தர வேண்டியிருந்தது.

சிரிக்கப்படும் உடல்

1984-இல் காசிநாத் இயக்கிய 'அனுபவ' உமாஸ்ரீயைத் திரையுலகில் பரவலாக அறியச் செய்தது. அதன் பிறகு அவர் பெற்றவை பெரும்பாலும் ஒரே அச்சில் வார்த்த பாத்திரங்கள். என்.எஸ். ராவ், தினேஷ் போன்ற நகைச்சுவை நடிகர்களின் இணையாக வந்தார். வாயாடி மனைவி, வீட்டு வேலைக்காரி, தெருவில் வம்பு வளர்ப்பவள், ஆசை கொண்டவள் என்பதாலேயே கேலிக்குரியவள். வசனங்களில் இரட்டைப் பொருள் நிரம்பியிருந்தது. மேடையில் அவரைக் கண்டு வியந்தவர்களுக்கு அது வருத்தம் தந்தது. நடுத்தர வர்க்கத் திறனாய்வு அவரையே குறைகூறியது.

அந்தக் குறைகூறலை நாம் ஏற்பதற்கில்லை. நடிகையின் 'தரம்' பற்றி வருந்தியவர்கள் அக்காட்சிகளின் அமைப்பைப் பார்க்கவில்லை. அக்காலப் படங்களில் கதாநாயகிக்குப் பின்னால் ஒரு வீடு இருக்கும். அவ்வீட்டுக்கு ஒரு பெயர், ஒரு தந்தை, ஒரு மானம் இருக்கும். அந்த மானத்துக்காகவே நாயகன் சண்டையிடுவான். நகைச்சுவைப் பகுதியின் பெண்ணுக்குப் பின்னால் வீடு இல்லை. அவள் பாத்திரம் கழுவுவாள், காய்கறி விற்பாள், குழாயடியில் நிற்பாள். உழைக்கும் பெண்ணின் உடலைப் பற்றி எவரும் எதுவும் பேசலாம்; கேட்க வருபவர் யாருமில்லை. பாத்திரத்தின் சாதியைப் படம் ஒருபோதும் சொல்லாது. கொட்டகையில் அமர்ந்திருப்பவர் அதைத் தானாகவே அறிந்துகொள்வார். ஒரே சமூகத்தின் பெண்ணுடலை மேடை மாண்போடு நிறுத்தியபோது திரை அதைச் சிரிப்புப் பொருளாக்கியது. இரண்டுக்கும் ஒரே நடிகையின் உடல் பயன்பட்டது.

அவர் அந்த அச்சுக்குள்ளேயே இடம் பண்ணிக்கொண்டார் என்பதையும் சொல்ல வேண்டும். 1995-இல் வந்த 'புட்நஞ்ச' படத்தில் ரவிச்சந்திரனின் பாட்டி புட்டமல்லியாக நடித்தார். பேரனாக நடித்தவரைவிட அவருக்கு நான்கு வயதுதான் கூடுதல். நாயகியாக நடிக்க வாய்ப்பே தரப்படாத ஒரு பெண் முப்பத்தெட்டு வயதில் பாட்டியாக்கப்பட்டார். ஆயினும் படத்தைப் பார்த்தவர்கள் நினைவில் நிற்பது அந்தக் கிழவியும்தான். சிரிக்கவும் அதட்டவும் தெரிந்த அந்தப் பாட்டியிடம் சாக்கவ்வாவின் நடையை நாம் அடையாளம் காண்கிறோம்.

குலாபியின் தொலைக்காட்சி

2008-இல் வந்த 'குலாபி டாக்கீஸ்' எழுத்தாளர் வைதேகியின் சிறுகதையைத் தழுவியது. காசரவள்ளி கதையைப் பெரிதும் மாற்றி, 1990-களின் இறுதியில், குந்தாபுரம் பகுதியின் கடலோர மீனவ ஊரில் நிறுத்தினார். குலாபி மருத்துவச்சி, முஸ்லிம், கணவனால் கைவிடப்பட்டவள், சினிமாப் பைத்தியம். வசதியான வீட்டில் பேறு பார்த்ததற்குக் கைம்மாறாக அவளுக்கு வண்ணத் தொலைக்காட்சியும் வானலை வாங்கியும் கிடைக்கின்றன. அவள் குடிசை ஊர்ப் பெண்களின் கொட்டகையாகிறது. சிலர் உள்ளே வருகின்றனர்; சிலர் முஸ்லிம் வீடு என்று வாசலோடு நிற்கின்றனர்.

வெளியே கார்கில் போர். கடலில் பெரிய விசைப்படகுகளுக்கும் சிறு மீனவர்களுக்கும் போட்டி. வயிற்றுப்பாட்டுக்கான அந்தப் போட்டி எப்படி இந்து – முஸ்லிம் பகையாக மொழிபெயர்க்கப்படுகிறது என்பதைப் படம் பொறுமையாகக் காட்டுகிறது. குலாபியின் வீட்டுக்கு வந்துபோய்க்கொண்டிருந்த இளம்பெண்ணொருத்தி காணாமற் போனதும் பழி குலாபியின் மேல் விழுகிறது. ஊரின் பாதிக் குழந்தைகளை உலகுக்குக் கொண்டுவந்த கைகளை ஊரே படகேற்றி வெளியேற்றுகிறது.

இப்படத்தில் உமாஸ்ரீ செய்யும் முதன்மையான வேலை பார்ப்பது. திரையைப் பார்க்கும் அவர் முகத்தை நாம் பார்க்கிறோம். இருபது ஆண்டுகள் பிறர் சிரிப்பதற்காகத் திரையில் நின்ற பெண், இங்கே திரைக்கு முன்னால் அமர்ந்து தன் மகிழ்ச்சிக்காகச் சினிமா பார்க்கிறாள். அந்த மாற்றம் திட்டமிட்டதா என்பது நமக்குத் தேவையில்லை. அது திரையில் நிகழ்கிறது. மருத்துவச்சி என்பதும் தற்செயலான தெரிவன்று. நம் ஊர்களில் தலைமுறை தலைமுறையாகப் பேறு பார்த்தவர்கள் பெரும்பாலும் தீட்டுக்குரியோராகக் கருதப்பட்ட பெண்களே. கை தேவை, காலடி வேண்டாம் என்பதே அவர்களிடம் ஊர் செய்துகொண்ட ஏற்பாடு. குலாபியின் மதம் அந்தப் பழைய ஏற்பாட்டுக்குப் புதிய காரணமாகிறது.

கன்னடப் படத்தில் நடித்துச் சிறந்த நடிகைக்கான தேசிய விருது பெற்றவர்களில் 'காடு' படத்துக்காக நந்தினி பக்தவத்சலாவும் 'ஹசீனா'வுக்காகத் தாராவும் அவருக்கு முந்தியவர்கள். பானு முஷ்தாக்கின் கதையை அடிப்படையாகக் கொண்ட 'ஹசீனா'வும் காசரவள்ளியின் படமே, அதுவும் கைவிடப்பட்ட முஸ்லிம் பெண்ணின் கதையே. உமாஸ்ரீ விருது பெற்றதற்கு அடுத்த ஆண்டுக்கான சிறந்த நடிகர் விருதைப் பெற்றவர் உபேந்திர லிமயே. எல்லம்மாவுக்கு நேர்ந்துவிடப்பட்டவர்களைப் பற்றிய 'ஜோக்வா' என்ற மராத்திப் படத்துக்காக அவருக்கு அவ்விருது கிடைத்தது. எல்லம்மாவின் பெயரை அடுத்த பகுதியில் மீண்டும் சந்திக்கிறோம்.

அமைச்சரின் கோப்புகள்

காங்கிரசில் இணைந்து செயல்பட்ட உமாஸ்ரீ முன்னதாகவே ஒருமுறை சட்டமேலவையின் நியமன உறுப்பினராக இருந்தவர். பாகல்கோட் மாவட்டத்தின் தேரதாள தொகுதியில் 2008-இல் தோற்று, 2013-இல் வென்றார். ரப்கவி, பனஹட்டி போன்ற நெசவு ஊர்களை உள்ளடக்கிய தொகுதி அது. சித்தராமையாவின் முதல் அமைச்சரவை அமைந்தபோது அதிலிருந்த ஒரே பெண் அவர். சமூகநீதி பேசிய அந்த அரசு ஒரே ஒரு பெண்ணோடு பதவியேற்றதை நாம் குறித்துவைக்க வேண்டும். அவருக்குத் தரப்பட்ட துறைகளும் 'பெண்களுக்குரியவை' என்று கருதப்படுபவையே.

அவர் பொறுப்பிலிருந்த துறையின் திட்டங்களுள் 2017 அக்டோபர் 2 அன்று தொடங்கப்பட்ட 'மாத்ருபூர்ணா'வை முதலில் சொல்லலாம். கருவுற்ற பெண்களுக்கும் பாலூட்டும் தாய்மார்களுக்கும் அங்கன்வாடியில் நாள்தோறும் ஒருவேளை சூடான முழு உணவு தரும் திட்டம் அது. சோறு, சாம்பார், முட்டை, பால், அவற்றோடு வெல்லமும் நிலக்கடலையும் சேர்ந்த கடலை மிட்டாய். 'ஒடலாள'வைப் படித்தவர்களுக்கு அந்தக் கடலை வேறொரு கடலையை நினைவூட்டாமல் இராது. திட்டத்துக்கு இடையூறுகள் இருந்தன. தொலைவிலுள்ள வீடுகளிலிருந்து நிறைமாதப் பெண் நாள்தோறும் நடந்துவர வேண்டியிருந்தது. எல்லோரும் ஓரிடத்தில் அமர்ந்து உண்ண வேண்டும் என்ற ஏற்பாடு, கர்நாடகக் கிராமங்களில் இன்றும் எளிதான செயலன்று. தலித் பெண் சமைத்த உணவை ஏற்க மறுக்கும் செய்திகள் அம்மாநிலத்தின் பள்ளிகளிலிருந்தும் அங்கன்வாடிகளிலிருந்தும் திரும்பத் திரும்ப வருகின்றன.

மற்றொன்று தேவதாசி முறை. கர்நாடகம் 1982-இலேயே அதைத் தடை செய்து சட்டம் இயற்றியது. ஆயினும் 2007–08-இல் அரசு எடுத்த கணக்கெடுப்பு, வட கர்நாடகத்தை மையமாகக் கொண்ட 14 மாவட்டங்களில் 46,000-க்கும் மேற்பட்ட தேவதாசிப் பெண்களைப் பதிவு செய்தது. எல்லம்மாவுக்கு நேர்ந்துவிடப்பட்டவர்களில் மிகப் பெரும்பான்மையோர் தலித் பெண்கள். அவர்களுக்கான மறுவாழ்வுத் திட்டம் மகளிர் மேம்பாட்டுக் கழகத்தின் வழியாக உமாஸ்ரீயின் துறைக்கே உரியது. அவரது சொந்தத் தொகுதி அமைந்த பாகல்கோட் மாவட்டமும் இம்முறை வேரூன்றிய பகுதிகளுள் ஒன்று. உதவித்தொகை, வீடு, கடன் என்று திட்டங்கள் தொடர்ந்தன. அப்பெண்களின் இயக்கங்கள் நெடுங்காலமாகக் கேட்டுவரும் நிலமோ, கணக்கெடுப்பில் விடுபட்டவர்களைச் சேர்க்கும் மறுகணக்கெடுப்போ அந்த ஐந்தாண்டுகளில் நிறைவேறவில்லை. சாக்கவ்வாவைப் பேசவைத்த ஒருவர் அமைச்சராக அமர்ந்தபோது கூடுதலாக எதிர்பார்ப்பது நியாயமே. அமைச்சர் ஒருவரின் கருணை நிலவுடைமையின் முன் எத்தனை சிறியது என்பதையும் இங்கே காண்கிறோம்.

2018 தேர்தலில் அவர் தேரதாளவில் தோற்றார். 2023 ஆகஸ்டில் மீண்டும் சட்டமேலவைக்கு நியமிக்கப்பட்டார்.

அடிமையான அரசகுமாரி

பதவி போன பிறகும் அவருக்குத் திரும்ப ஓர் இடம் இருந்தது. தொலைக்காட்சியில் 2021 டிசம்பரில் தொடங்கிய 'புட்டக்கன மக்களு' தொடரில், மூன்றும் பெண்ணாகப் பிறந்ததால் கணவன் கைவிட்டுச் சென்ற புட்டக்காவாக நடித்தார். உணவகம் நடத்தி மகள்களை வளர்க்கும் தாய் அவள். கர்நாடகத்தின் வீடுதோறும் அப்பாத்திரம் சென்று சேர்ந்தது. முன்பு நகைச்சுவைப் பகுதியில் வீடில்லாமல் நின்ற உழைக்கும் பெண், தொடரின் தலைப்பிலேயே வீட்டின் தலைவியாக வந்து அமர்ந்தாள்.

இவ்விரண்டையும்விட நம் கவனத்துக்குரியது மேடையில் அவர் தனியொருவராக நடிக்கும் 'சர்மிஷ்டே'. பேளூரு ரகுநந்தன் எழுதி, சிதம்பரராவ் ஜம்பே இயக்கியது. மகாபாரதக் கதை பலருக்கும் தெரிந்ததுதான். அசுர அரசன் விருஷபர்வனின் மகள் சர்மிஷ்டை. அசுரர்களின் குலகுருவான சுக்கிரரின் மகள் தேவயானி. நீராடிய இடத்தில் ஆடை மாறிப்போனதால் இரு தோழியருக்குள் சண்டை மூள்கிறது. உன் தந்தை என் தந்தையிடம் கையேந்துபவர் என்று சர்மிஷ்டை சொல்லிவிடுகிறாள்; தேவயானியைக் கிணற்றில் தள்ளியும் விடுகிறாள். மகளுக்காகக் குலகுரு நாட்டைவிட்டு வெளியேறப் போவதாக மிரட்டுகிறார். நாட்டைக் காக்க அரசனின் மகள் பார்ப்பனரின் மகளுக்கு அடிமையாகிறாள். யயாதியை மணந்து தேவயானி செல்லும்போது சர்மிஷ்டையும் பணிப்பெண்ணாகப் பின்தொடர்கிறாள். அவள் பெற்ற மகன்தான் பின்னர் தன் இளமையைத் தந்தைக்குத் தருகிறான்.

யயாதி கதையைக் கிரீஷ் கர்னாட் 1961-இல் நாடகமாக்கினார். மராத்தியில் காண்டேகர் நாவலாக்கினார். இரண்டும் அரசனின் பெயரையே தலைப்பாகக் கொண்டவை. பணிப்பெண்ணின் பெயரைத் தலைப்பாக்கி, அவளை மட்டுமே மேடையில் நிறுத்தி, குலகுருவும் அரசனும் தேவயானியும் அவள் வாய்வழியே மட்டும் வந்துபோகும்படி செய்யும் நாடகம் வேறு கணக்கைத் தொடங்குகிறது. நீராடும் துறையில் யாருடைய ஆடையை யார் உடுத்தினால் தீட்டு என்று தொடங்கி அடிமைத்தனத்தில் முடியும் அக்கதையை, நீர்நிலைகளின் பெயரால் இன்றும் தாக்கப்படும் மக்கள் வேறு விதமாகத்தான் கேட்பார்கள். அறுபது வயதைக் கடந்த உமாஸ்ரீ உடன் நடிப்பவர் எவருமின்றி அந்த வழக்கை மேடையில் நின்று உரைக்கிறார்.